துணைமுகம்

கூர்விழி நாட்டில் இரண்டு பேரை மக்களே விரல் நீட்டிக் காட்டுவார்கள். ஒருவர் திருடர், மற்றவர் அரசர். திருடரை எந்த நாளிலும் காட்டலாம். அரசரை ஐந்தாண்டுக்கு ஒருமுறை.

முத்திருளனுக்குத் திருடர் பக்கம் வேலை. அடையாள அணிவகுப்பில், பிடிபட்டவரோடு ஐந்து பேரைச் சேர்த்து நிறுத்துவார்கள். அவர்களுக்குத் துணைமுகம் என்று பெயர். பதினோரு ஆண்டுகளாக முத்திருளன் மூன்றாவது இடத்தில் நின்றார். ஒருவரும் அவரைக் காட்டியதில்லை. அவ்வளவு சாதாரண முகம். மனைவி அங்கம்மாளே சந்தையில் இரண்டு முறை வேறு ஆளைக் கூப்பிட்டிருக்கிறார். நின்றால் ஒரு சட்டி புளிச்சோறு. நிற்பதும் நிழலில். வேறென்ன வேண்டும்?

சாட்சிகள் சில சமயம் தயங்கினார்கள். அமைச்சரவை கூடி, தயங்குவது குற்றம் என்று ஆணையிட்டது. உறுதியாகக் காட்டுபவருக்குப் பட்டுச் சால்வை. அதன்பின் யாரும் தயங்கவில்லை. பிடிபட்டவரை விட்டுவிட்டுத் துணைமுகங்களை உறுதியாகக் காட்டினார்கள். அமைச்சரவை மறுபடி கூடியது. விரல் யார்மேல் விழுகிறதோ அவரே திருடர் என்றது.

அந்த ஆண்டு நான்கு துணைமுகங்கள் கல்லுடைக்கப் போனார்கள். முத்திருளன் தன் முகத்தை நம்பி நின்றார்.

மோர் விற்கும் வெள்ளத்தாயியின் ஆடு காணாமல் போனது. பிடிபட்டவர் தலைமைக் காவலர் வீரபத்திரரின் மைத்துனர்.

"நிதானமாப் பாரும்மா," என்றார் வீரபத்திரர். "மூணாவது ஆளுக்கு ஏன் இப்படி வேர்க்குதுன்னு நான் கேக்கவே மாட்டேன்."

"நான் பார்த்தது முதுகுதானுங்க. அதுவும் பொழுது சாயுற நேரம்."

"தயங்குறியா?"

"ஐயையோ, இல்லைங்க. இவருதான்."

"அக்கா, நேத்து உங்ககிட்ட மோர் வாங்கிக் குடிச்சேனே!" என்றார் முத்திருளன்.

"அதான் பார்த்த மூஞ்சியா இருக்கு!"

தன் முகமும் ஒருவருக்கு நினைவிருக்கிறதே என்று அவருக்குக் கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. பத்து ஆண்டுகள் கல்லுடைப்பு என்று தெரிந்ததும் அது போய்விட்டது.

தண்டனைக்கு முன் நீதிமன்றத்தில் சாட்சி இன்னொரு முறை காட்ட வேண்டும். ஆனால் பக்கத்தில் நிற்க நாட்டில் ஆள் கிடைக்கவில்லை. அமைச்சர் ஒரு வழி கண்டார். வெள்ளிவிழாவுக்குச் செய்த அரசர் சிலைகள் கிடங்கில் இருந்தன. ஆள் உயரம், வேட்டி சட்டை, சிரிப்பு. ஐந்து சிலைகளைக் கொண்டுவந்தார்கள். மூன்றாவது இடத்தில் முத்திருளன்.

"உயிருள்ளது ஒன்றே ஒன்று," என்றார் அமைச்சர். "இனி பிழைக்கு இடமேது?"

அங்கம்மாள் மாற்றுவேட்டி மூட்டையோடு வாசலில் காத்திருந்தார்.

வெள்ளத்தாயி வரிசையைப் பார்த்தார். விரல் நான்காவது இடத்தில் நின்றது.

"இவருதான்."

நீதிபதி மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். "எங்கே பார்த்தாய்?"

"பார்க்காத எடம் ஏதுங்க? அரிசிப் பையில இருக்காரு, மருந்துச் சீட்டுல இருக்காரு. ஆடு போன அன்னிக்கும் வேலியோரச் சுவத்துல இவருதான் சிரிச்சுக்கிட்டு நின்னாரு."

"உறுதியாகவா?"

"உறுதிங்க. சால்வை பச்சையில இருந்தாத் தேவலை."

நீதிபதி உள்ளே போனார். மாலையில் நாற்பது பக்கத் தீர்ப்போடு வந்தார். மங்கிய ஒளி, தூரம், பதற்றம், காவலரின் ஜாடை, அடிக்கடி பார்த்த முகம் தரும் மயக்கம், இவற்றால் மனிதக் கண் ஏமாறும் என்று அந்த நாட்டில் முதல்முறையாக எழுதப்பட்டது. சாட்சியம் தள்ளுபடி. முத்திருளன் விடுதலை. இத்தீர்ப்பு இவ்வழக்குக்கு மட்டும்.

"கல்லுடைக்கிற மத்த நாலு பேரு?" என்று கேட்டார் முத்திருளன்.

"அவங்க வரிசையில சிலை இல்லையேப்பா," என்றார் எழுத்தர்.

அடுத்த மாதம் அரசரைக் காட்டும் நாள் வந்தது. அரசர் தனியாக நின்றால் தேர்தல் ஆகாது. துணைமுகங்கள் தேவைப்பட்டன. புளிச்சோற்றோடு இரண்டு வடை. முத்திருளன் மூன்றாவது இடத்தில் நின்றார். நான்காவது இடத்தில் அரசர், அதே சிரிப்போடு.

வெள்ளத்தாயி பச்சைச் சால்வையோடு வந்தார். முத்திருளனுக்கு வேர்த்தது.

"அக்கா, என்னைக் காட்டிராதீங்க."

"பயப்படாத தம்பி. ஒருதடவை உன்னைக் காட்டினதே போதும்."

"நிதானமாப் பாரும்மா," என்றார் வீரபத்திரர். "பார்த்த முகமாப் பார்த்துக் காட்டு."

"இவருதான். அன்னிக்கும் இவரைத்தானே காட்டினேன்."

வீரபத்திரர் முதல் வாக்கியத்தை மட்டும் எழுதிக்கொண்டார்.

அன்று மாலை அரண்மனை அறிவித்தது: மக்களின் கண் ஒருபோதும் தவறாது.

முத்திருளன் ஒரு வடையைத் தின்றார். இன்னொன்றை அங்கம்மாளுக்காக மடியில் முடிந்துகொண்டார். நாள் முழுக்க நின்றும், அவரை ஒருவர்கூடக் காட்டவில்லை.