மல்லிகை மணத்த பீன்ஸ் துவரன்

தேங்காய் எண்ணெயில் தாளிக்காத பீன்ஸ், பீன்ஸே இல்லை. இதை நான் எங்கே வேண்டுமானாலும் சொல்வேன். (எழுதிக்கொள்கிற பேத்தி இப்போதே சிரிக்கிறாள். சிரிக்காதட்டி, சொன்னத எழுது.)

அப்போது தெலுங்கு பேசுகிற குஷாய்குடாவில் குடியிருந்தோம். இவருக்குத் தொழிற்சாலையில் வேலை. நாகர்கோவிலிலிருந்து அம்மா கொடுத்தனுப்பும் எண்ணெய் டின்தான் எனக்குத் துணை. அடுத்த வீட்டு சரோஜா ஒருநாள் என் அடுப்படியில் மூக்கைப் பொத்தினாள்.

"தலைக்குப் பூசற நூனெல கூரயா வதினா? சீ!"

தலையெண்ணெயில் கறியா அண்ணி என்று கேட்கிறாள்! எனக்கு வந்ததே கோபம்.

"ஞாயித்துக்கெழம நீயும் ஒன் வீட்டுக்காரரும் சாப்பிட வாங்க. அவரு என் பீன்ஸ் துவரன ரெண்டாந்தரம் கேக்கலன்னா, ஆயுசுக்கும் கடல எண்ணெயிலதான் சமைப்பேன்."

துவரன் பெரிய வித்தையில்லை. பிஞ்சு பீன்ஸைப் பொடியாக நறுக்கி, கடுகும் வத்தல் மிளகாயும் தாளித்து வேகவைத்து, தேங்காய், சீரகம், பூண்டு இடித்துப் போட்டுக் கிளறுவது. (மௌலா அலி சந்தையில் அன்றைக்கு என்ன பிஞ்சு! ஒடித்தால் சடக்கென்று... சரி, கதைக்கு வருகிறேன்.)

ஞாயிறு காலை டின்னைக் கவிழ்த்தால் சொட்டு இல்லை. கடைக்கு ஓடினேன். "கொப்பரி நூனெ" என்று தேங்காய் எண்ணெயை அவர்கள் பாஷையில் கேட்டதும் ஒரு பாட்டிலை நீட்டினான். எனக்கு எழுத்து தெரியாது. தென்னைமரப் படம் தெரியும். பக்கத்தில் ஒரு பூவும் இருந்தது. அழகுக்குப் போட்டிருக்கிறான் என்று நினைத்தேன்.

தாளித்ததும் அடுப்படி முழுக்க மல்லிகை வாசம். விருந்தாளி வருகிறார்களே என்று தலை நிறையப் பூ வைத்திருந்தேன். நல்ல பூதான் என்று எனக்கே பெருமை.

சரோஜாவின் வீட்டுக்காரர் முதல் வாய் வைத்தார். மெல்லவும் இல்லை, விழுங்கவும் இல்லை. என் வீட்டுக்காரர் தட்டை மோந்துவிட்டு என் தலையைப் பார்த்தார்.

"ஏட்டி, பூவையும் அரிஞ்சு போட்டுட்டியா?"

சரோஜா அடுப்படியிலிருந்த பாட்டிலை எடுத்துப் பார்த்தாள். மல்லிகை வாசம் போட்ட தலையெண்ணெய்! விழுந்து விழுந்து சிரித்தாள். "பீன்ஸுக்குத் தல வாரி பூவும் வெச்சியா வதினா! இனிமே கடல நூனெதானே?"

நான் விடுவேனா? சட்டியை என் பக்கம் இழுத்து, அத்தனை பேர் முன்னாலும் வழித்துத் தின்றேன். சாயங்காலம் வரைக்கும் ஏப்பத்தில் மல்லிகை.

"தோத்தது பாட்டில். என் துவரன் இல்ல!"

ஊரிலிருந்து அடுத்த டின் வந்ததும் இரண்டு பேரையும் மறுபடி அழைத்தேன். சரோஜாவின் வீட்டுக்காரர் முதலில் மோந்து பார்த்தார். பிறகு தின்றார். பிறகு சரோஜா திரும்பிய நேரம் பார்த்து, தட்டைச் சத்தமில்லாமல் என் பக்கம் நீட்டினார்.

"சரோஜா, இங்க பாரு!" என்று நான் போட்ட சத்தம் தெருமுனைக்குக் கேட்டிருக்கும்.

ஆனால் இந்த வீட்டில் நான் ஜெயித்ததை யார் பேசுகிறார்கள்? இன்றைக்கும் பீன்ஸ் வைத்தால் பேரன், "நக்கோ பாட்டி, இதுக்குப் பூ வைக்கல" என்கிறான். வேண்டாமாம்! சொல்லட்டும். எண்ணெயை நான் மாற்றவே இல்லை. அடுப்பு பற்றவைக்கும் முன் தலையில் இருக்கிற பூவை மட்டும் கழற்றி வைத்துவிடுகிறேன்.