பொன்னாடைக்குப் பதில் அயர்லாந்து

அரசு விழாக்களில் இனிமேல் யாருக்கும் பொன்னாடை போர்த்தக் கூடாது, அதற்குப் பதிலாகப் புத்தகம் வழங்கி அறிவை வளர்க்க வேண்டும் என்று மேலிடத்திலிருந்து ஒரு சுற்றறிக்கை புறப்பட்டு, உரிய காலதாமதத்துடன் காரைக்காலுக்கு வந்து சேர்ந்தது. அறிவை வளர்ப்பதில் அதிகாரிகளுக்கு ஆட்சேபணை எதுவும் இல்லை. எந்தப் புத்தகம் என்று மட்டும் சுற்றறிக்கையில் சொல்லப்படவில்லை. சொல்லாததைச் செய்யும் வழக்கம் இலாகாவில் கிடையாது. ஆகவே கொஞ்ச காலம் விழாக்களே நடக்கவில்லை. திறப்பு விழா காணாத சாக்கடைகள் அனுமதியின்றி ஓடிக்கொண்டிருந்தன.

இந்தச் செய்தி நெரவியில் உத்திராபதியின் காதுக்கு எட்டியது. உத்திராபதியைத் தெரியாதவர்கள் இந்தப் பக்கத்தில் இல்லை. தெரிந்தவர்கள் அவரைக் கண்டால் சாலையின் எதிர்ப்பக்கம் போய்விடுவார்கள். ஐம்பது வருஷம் தொழிற்சங்கத்தில் கிடந்தவர். ஆலை வாசலில் அடி வாங்கி, இடது தோள் இன்னும் மழைக்கு முன்னால் வலிக்கும். பள்ளிக்கூடம் அவருக்குச் சொல்லித் தராததை, கூட்டங்களின் வாசலில் விற்கும் மெல்லிய பிரசுரங்கள் சொல்லித் தந்தன. அப்படி ஒரு பிரசுரத்தில்தான் அவர் அயர்லாந்தைக் கண்டெடுத்தார். வெள்ளைக்காரன் கொடியை இறக்குவது பாதி வேலை, முதலாளியின் பூட்டை உடைப்பது மீதி வேலை என்று நம்பிய தொழிலாளிகள் அங்கே இருந்திருக்கிறார்கள். உத்திராபதிக்கு அவர்கள் பங்காளி முறை ஆனார்கள். பல வருஷம் தேடிப் படித்து, அவர்களைப் பற்றித் தடியாக ஒரு புத்தகம் எழுதினார்.

அச்சடித்தவர் நண்பர் காதர் பாட்சா.

"சிவப்பு அட்டைதான் போடணும் பாய்" என்றார் உத்திராபதி.

"சிவப்பு இல்லண்ணே. நிக்காஹ் பத்திரிகைக்கு வாங்கின பச்சை அட்டை மிச்சம் இருக்கு. வேணாம்னா சொல்லிடுங்க, அடுத்த கல்யாணம் காத்துக்கிட்டிருக்கு."

அயர்லாந்தின் நிறமே பச்சைதான் என்று உத்திராபதிக்கு அந்த நொடியில் ஞாபகம் வந்தது. கொள்கையில் சிறிதும் சமரசம் செய்துகொள்ளாமல் சம்மதித்தார்.

ஐந்நூறு பிரதிகளும் கட்டிலுக்கு அடியில் குடியேறின. அங்கேயே ஆறு வருஷம் இருந்தன. தனக்குப் பணம் வேண்டாம், பெயர் வேண்டாம் என்று உத்திராபதி சொல்லிக்கொள்வார். "யாராவது ஒருத்தன் முழுசாப் படிச்சு, படிச்சதைச் செயல்ல காட்டினாப் போதும். நான் நிம்மதியாப் போயிடுவேன்."

"போறதுக்கு முன்னாடி கட்டிலுக்கு அடியில பெருக்க இடம் பண்ணிட்டுப் போங்க" என்பாள் மனைவி கனகம்.

படிக்க வேண்டியவர்களிடம் அவர் கொண்டுபோகாமல் இல்லை. மீன் ஏற்றுமதி செய்யும் ஐஸ் கம்பெனி ஒன்றில் இறால் உரிக்கிற பெண்கள் அவரை வைத்துச் சங்கம் தொடங்கியிருந்தார்கள். வெறுங்கையால் ஐஸில் கிடந்து உரித்து விரலெல்லாம் வெடித்துப்போன பெண்கள். கையுறை வேண்டும், கூலி கொஞ்சம் ஏற வேண்டும். அவ்வளவுதான் கோரிக்கை. அவர்களின் தலைவி சந்திராவிடம் புத்தகத்தை நீட்டினார்.

"இந்தக் கையால எப்படிங்கய்யா பக்கத்தைப் புரட்டுறது? உள்ள என்ன இருக்குன்னு வாயால சொல்லுங்க, வேலை செஞ்சுக்கிட்டே கேட்டுக்கறோம்" என்றாள் அவள்.

உத்திராபதிக்கு முகம் சுண்டிவிட்டது. "புரட்சியைச் சுருக்கிச் சொல்ல முடியாதும்மா" என்று சொல்லிப் புத்தகத்தைப் பைக்குள் போட்டுக்கொண்டு வந்துவிட்டார்.

இந்த நிலையில்தான் சுற்றறிக்கை. உத்திராபதி ஒரு பிரதியை எடுத்துக்கொண்டு இலாகாவுக்குப் போனார். கண்காணிப்பாளர் குணசேகரன் அதைத் திறக்கவில்லை. கையில் வைத்து எடை பார்த்தார்.

"கனமா இருக்கு. மேடையில எடுப்பாத் தெரியும். உள்ள அரசாங்கத்துக்கு எதிரா எதுவும் இல்லையே?"

"முழுக்க அதுதாங்க."

குணசேகரன் புத்தகத்தை மேசையில் வைத்துவிட்டார். "எந்த அரசாங்கம்?"

"பிரிட்டிஷ் அரசாங்கம்."

"அதை முதல்லயே சொல்லக் கூடாதா? நம்மள ஆண்டது பிரெஞ்சு சர்க்கார். பிரிட்டிஷ்காரனைத் திட்டினா வாஞ்சூர் எல்லைக்கு அந்தப் பக்கம் தமிழ்நாட்டுல இருக்கறவங்க பாத்துக்கட்டும். நமக்குச் சம்பந்தமில்லை. கலவரம் ஏதாவது?"

"தபாலாபீஸைப் பிடிக்கிறாங்க."

"அது மத்திய சர்க்கார். நம்ம வரம்புல வராது."

ஆட்சேபணை இல்லை என்று முடிவாயிற்று. ஆனால் கணினியில் ஏற்றும்போது ஒரு சிக்கல் எழுந்தது. நூல் எந்த வட்டாரத்தைப் பற்றியது என்று அது கேட்டது. புதுச்சேரி, காரைக்கால், மாஹே, ஏனாம் என்ற நான்கில் ஒன்றைத் தேர்ந்தெடுத்தே ஆக வேண்டும். ஐந்தாவது ஒன்று உலகத்தில் இருப்பதாக அதற்குத் தெரியாது.

"அயர்லாந்து கடலோரமா?" என்று கேட்டார் குணசேகரன்.

"தீவுங்க. சுத்திலும் கடல்."

"மழை?"

"எப்பப் பாத்தாலும் மழைதான்."

"அப்ப மாஹே" என்று குணசேகரன் பதிவு செய்தார். அன்றிலிருந்து அயர்லாந்தின் விடுதலைப் போர் மாஹே வட்டாரத்தில் நடந்து வருகிறது.

விழாக்கள் மறுபடி தொடங்கின. ஒவ்வொரு பிரதியையும் கண்ணாடித்தாளில் சுற்றி, மேலே ஒரு ரிப்பன் கட்டிக் கொடுத்தார்கள். முதல் விழாவில் உயர் அதிகாரி ஒருவர், "அயர்லாந்தின் இயற்கை எழிலை நெஞ்சையள்ளும் வண்ணம் எடுத்துரைக்கும் இவ்வரிய நூல்" என்று பேசினார். உத்திராபதி நாற்காலியிலிருந்து எழப் போனார். கனகம் சட்டையைப் பிடித்து உட்கார வைத்தாள்.

அதிகாரிகள் செய்தால் அது நாகரிகம் அல்லவா? ஊரும் பிடித்துக்கொண்டது. குரும்பகரத்தில் ஒரு காதுகுத்துக்குத் தாய்மாமன் சீர்த்தட்டில் தேங்காய்க்கும் பட்டுப்பாவாடைக்கும் நடுவே அயர்லாந்து இருந்தது. புத்தகத்தைப் பிடித்தபடி படம் எடுத்துக்கொள்ளாதவர்களைப் படிப்பில்லாதவர்கள் என்று பேசினார்கள். வாங்கியவர் யாரும் கண்ணாடித்தாளைப் பிரிப்பதில்லை. பிரித்துவிட்டால் அடுத்த விழாவில் யாருக்குக் கொடுப்பது? ஒருவர் கொடுத்தது ஊரைச் சுற்றி, சில வாரங்களில் அவர் கைக்கே வந்து சேர்ந்தது. "இந்த நூலை நான் ஏழு முறை பெற்றிருக்கிறேன்" என்று ஓர் அதிகாரி மேடையில் சொன்னபோது பலத்த கைதட்டல்.

மூத்த குடிமக்கள் தின விழாவில் உத்திராபதிக்கே அதைக் கொடுத்தார்கள். சரி, ஒரு பத்தியாவது இவர்கள் காதில் போட்டுவிடுவோம் என்று அவர் ரிப்பனில் கை வைத்தார். பின்னாலிருந்து குணசேகரன் காதோடு சொன்னார்: "பிரிச்சுடாதீங்க ஐயா. நாளைக்குக் கண் சிகிச்சை முகாம் இருக்கு."

கட்டிலுக்கு அடியில் கடைசிப் பிரதியும் தீர்ந்தது. கனகம் நிம்மதியாகப் பெருக்கினாள். உத்திராபதிக்குத்தான் நிம்மதி இல்லை. ஐந்நூறு பேர் வாங்கி ஒருவர்கூடப் படிக்காத பெருமை தமிழில் தனக்கு மட்டுமே உண்டு என்று காதர் பாட்சாவிடம் சொன்னார். அவர், "அப்படியெல்லாம் பெருமைப்படாதீங்கண்ணே, நான் நிறைய அச்சடிச்சிருக்கேன்" என்றார்.

இதற்கிடையில் ஐஸ் கம்பெனிப் பெண்கள் கேட்டுக் கேட்டு அலுத்து, திங்கட்கிழமை முதல் வேலைநிறுத்தம் என்று முடிவெடுத்தார்கள். காலையில் உத்திராபதி கொடியோடு போய்ச் சேர்ந்தார். அவருக்கு முன்பே வாசல் பூட்டப்பட்டிருந்தது. வேலைநிறுத்தம் செய்யக்கூட உள்ளே விடவில்லை. மேலாளர் கம்பிக் கதவுக்குப் பின்னால் நின்று ஒரு தாளை உரக்கப் படித்தார்:

"நான் எந்தச் சங்கத்திலும் சேர மாட்டேன்; சேர்ந்திருந்தால் இன்றே விலகுவேன்; விலகியவர்களோடு விலகாதவர்கள் பேசினால் கேளேன் என்று இதனால் உறுதி கூறுகிறேன்." தாளை மடித்துக்கொண்டு சொன்னார்: " கையெழுத்துப் போடறவங்க மட்டும் உள்ள வரலாம்."

உத்திராபதிக்கு மயிர்க்கூச்செறிந்தது. அது அவருடைய நாலாம் அத்தியாயம். டப்ளின் நகரத்து முதலாளிகள் நூறு வருஷத்துக்கு முன்னால் தொழிலாளிகளுக்கு நீட்டிய உறுதிமொழியை அவர் தன் நடையில் விரித்து எழுதியிருந்தார். 'கேளேன்' என்று எழுதுகிறவர் இந்த மாவட்டத்தில் வேறு யாரும் இல்லை.

அந்த நேரத்தில் அவருக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். வந்தது. ஆனால் அதற்கு ஒரு நொடி முன்னதாகவே வேறொன்று வந்துவிட்டது. யாரோ படித்திருக்கிறார்கள்.

"நான் உள்ள போய்ப் பேசிட்டு வரேன்" என்று சந்திராவிடம் சொன்னார். மேலாளர் அவருக்கு மட்டும் கதவைத் திறந்து விட, உள்ளே போனார்.

முதலாளி முத்தமிழ் எழுந்து நின்று வரவேற்றார். மேசைமேல் பச்சைப் புத்தகம் கிடந்தது. கண்ணாடித்தாள் இல்லை. முனைகள் மடிந்து, காபிக் கறை படிந்து, ஓரமெல்லாம் பென்சில் கோடு. அப்படியொரு அழகை உத்திராபதி வாழ்நாளில் கண்டதில்லை.

"சிறந்த தொழில்முனைவோர்னு மேடையில குடுத்தாங்கய்யா. முதுகு வலின்னு படுத்திருந்தேன், வீட்டுல போனைப் பிடுங்கி வச்சுட்டாங்க. வேற வழியில்லாம எடுத்தேன். ரெண்டு தடவை படிச்சாச்சு. வேலைநிறுத்தம் வர்றதுக்கு முன்னாடியே கதவைச் சாத்துறாங்க பாருங்க, என்னமா எழுதியிருக்கீங்க."

"அது முதலாளிங்களோட அயோக்கியத்தனத்தைக் காட்டறதுக்காக எழுதினது."

"நல்லாக் காட்டியிருக்கீங்க. ஒரு விவரம் விட்டுப்போகலை." முத்தமிழ் நாற்காலியை அவர் பக்கம் நகர்த்தினார். "எங்க ஏற்றுமதியாளர் சங்கத்துல எல்லாருக்கும் ஒண்ணொண்ணு குடுக்கலாம்னு இருக்கேன். ரெண்டாம் பதிப்பு போடுங்க, செலவு என்னோடது. நாலாம் அத்தியாயத்தோட நிறுத்திக்கலாம். அதுக்கு மேல அவங்க பட்டாளம் கட்டறதெல்லாம் எங்களுக்கு வேணாம்."

உத்திராபதி மேசையில் ஓங்கி அறைந்தார். ஆலை வாசலில் அடி வாங்கிய அதே தோள். "ஒரு வரி குறைய விடமாட்டேன். பட்டாளம் கட்டின தலைவரை, காயம்பட்டு நடக்க முடியாத மனுஷனை, வெள்ளைக்காரன் நாற்காலியில கட்டிவச்சுச் சுட்டிருக்கான். அவரை வெட்டிட்டுப் புத்தகமா?"

முத்தமிழ் மன்றாடிப் பார்த்தார். உத்திராபதி தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டார். மத்தியானச் சாப்பாடு வந்தது, தொடவில்லை. மோர் வந்தது, திரும்பியும் பார்க்கவில்லை. முழுப் புத்தகமும் வர வேண்டும், அதுவும் சிவப்பு அட்டையில். வெயில் சாயும் நேரத்தில் முத்தமிழ் பணிந்தார். ஐம்பது வருஷப் போராட்ட வாழ்க்கையில் முதலாளி ஒருவர் உத்திராபதியின் கோரிக்கைகளை நிபந்தனையின்றி ஏற்றது அதுவே முதல் முறை.

அவர் தலை நிமிர்ந்து வெளியே வந்தார். பெண்கள் காலையிலிருந்து அதே இடத்தில், கதவோரத்து நிழல் நகர நகரத் தாங்களும் நகர்ந்து உட்கார்ந்திருந்தார்கள். சந்திரா எழுந்து வந்தாள்.

"இவ்வளவு நேரம் பேசினீங்களேய்யா. ஒத்துக்கிட்டாரா?"

"எல்லாத்துக்கும் ஒத்துக்கிட்டாரு."

"கையுறைக்குமா?"

உத்திராபதி கொடியைச் சுருட்டத் தொடங்கினார். சந்திரா அவர் முகத்தைப் பார்த்தாள்.

"உங்க புத்தகத்துல உள்ளதைத்தான் இங்க பண்றாங்கன்னு மேலாளரே சொல்றாரு. ஒண்ணு குடுங்க. நம்ம நௌஷின் பன்னண்டு வரை படிச்ச பொண்ணு, வாசிச்சுச் சொல்லுவா."

"ஒண்ணுகூட இல்லைம்மா. எல்லாம் விழாவுக்குப் போயிடுச்சு. ரெண்டாம் பதிப்பு வருது. உங்களுக்குத்தான் சமர்ப்பணம்."

"அது வரட்டும். அந்த ஊருத் தொழிலாளிங்க என்னதான் பண்ணாங்க? அதை மட்டுமாவது வாயால சொல்லுங்க."

சுருக்கிச் சொல்லாமல் இந்த முறை தப்ப முடியவில்லை. "மாசக்கணக்கா பட்டினி கிடந்தாங்க."

"அப்புறம்?"

"முக்காவாசிப் பேரு கையெழுத்துப் போட்டுட்டு வேலைக்குத் திரும்பினாங்க. ஆனா அதுக்கப்புறம் இன்னும் மூணு அத்தியாயம் இருக்கு."

சந்திரா திரும்பி மற்றவர்களைப் பார்த்தாள். அவர்கள் வெடித்த விரல்களை முந்தானையில் துடைத்துக்கொண்டார்கள்.

"பட்டினி கிடந்துட்டுப் போடறதை, கிடக்காமலே போட்டுட்டுப் போறோம்" என்றாள் சந்திரா. "உங்ககிட்ட பேனா இருக்காங்கய்யா?"

இருந்தது. இரண்டாம் பதிப்பின் முன்னுரைக்கு முதல் வரி தோன்றியதால் உத்திராபதி அப்போதுதான் அதன் மூடியைத் திறந்திருந்தார்.