நுனிகிள்ளி

வீட்டுத் தோட்டக்காரர்களில் எத்தனையோ ரகம் உண்டு. தண்ணீர் ஊற்றியே செடியைக் கொல்கிறவர் உண்டு, தொட்டியில் பெயர்ப் பலகையை நட்டுவிட்டுச் செடியை மறக்கிறவர் உண்டு, அடுத்த வீட்டு மாடியை எட்டிப் பார்த்தே வயிறெரிகிறவர் உண்டு. இவர்களையெல்லாம் மன்னித்துவிடலாம். நான் சொல்ல வந்தவர் வேறு. அவர்தான் நுனிகிள்ளி.

உங்களுக்கும் அவரைத் தெரியும். செடியில் ஒரு துளிர் தலை தூக்கினால் போதும், கட்டைவிரலும் ஆட்காட்டி விரலும் சேர்ந்து, டக். "இப்பக் கிள்ளினாத்தான் ரெண்டு கிளை வரும்." வந்த இரண்டையும், டக். "இனி நாலு பாருங்க." கணக்கு சரிதான். பூ எப்போது வரும் என்று மட்டும் கேட்டுவிடாதீர்கள். உங்களுக்குப் பொறுமை போதாது என்பார்.

எனக்கு எப்படி இவ்வளவு தெரியும் என்கிறீர்களா? என் அக்காவைக் கட்டிக்கொடுத்ததே ஒரு நுனிகிள்ளிக்குத்தான். மாமாவுக்கு லிப்ட் பழுது பார்க்கும் வேலை. பகலெல்லாம் ஊரையே மேலே அனுப்புகிற மனிதர், வீட்டில் ஒரு செடியை மேலே போக விடமாட்டார்.

அக்கா ஒன்றாம் வகுப்பு டீச்சர். ஸ்நாப்டிராகன் என்று ஒரு பூ உண்டு, இரண்டு பக்கமும் அழுத்தினால் வாயைத் திறக்கும், வீட்டில் வளர்த்துக் கொண்டுவந்து காட்டுகிறேன் என்று வகுப்பில் சொல்லித் தொலைத்துவிட்டாள். முப்பத்திரண்டு பிள்ளைகள். மறுநாள் காலையே ஆரம்பித்துவிட்டது, "டீச்சர், பூ எங்க?" அப்போது விதையே வாங்கியிருக்கவில்லை.

வாங்கினால்தானே? மாமா தேர்ந்தெடுத்துக்கொண்டிருந்தார். நெட்டை ரகம் காற்றுக்குச் சாயும், குச்சி கட்ட வேண்டும்; குட்டை ரகம் பால்கனிக் கம்பியைத் தாண்டி எட்டிப் பார்க்காது; நடுத்தரம் வாங்கலாமே என்றால், "நாமளே நடுத்தரம்தான், செடியுமா?" என்று ஒரு வாரம் போனது. நிறத்துக்கு இன்னொரு வாரம். அக்கா மஞ்சள் கேட்டாள். அவர் பதினோரு நிறங்களையும் பால்கனிச் சுவரோடு ஒப்பிட்டு, நோட்டில் கோடு போட்டு, ஒவ்வொன்றுக்கும் மதிப்பெண் கொடுத்து, கடைசியில் மஞ்சளையே வாங்கிவந்து அது தன் முடிவு என்றார்.

விதையோ தூசியைவிடப் பொடி. மண் போட்டு மூடக் கூடாது, வெளிச்சம் பட்டால்தான் முளைக்கும். ஆகவே இரண்டு வாரம் அந்த வீட்டில் மின்விசிறி கிடையாது, ஜன்னல் கிடையாது, தும்மல் வந்தால் குளியலறைக்கு ஓட வேண்டும். அந்தச் சமயம் பார்த்து நான் போய்க் கதவைக் கொஞ்சம் பலமாகச் சாத்திவிட்டேன். முளைக்காத விதைக்கெல்லாம் இன்றுவரை நான்தான் குற்றவாளி.

மீதி முளைத்தது. நாலு விரற்கடை வளர்ந்ததும் நுனியைக் கிள்ளவும் என்று விதைப் பாக்கெட்டில் போட்டிருந்தது. ஒரு தடவைதான். கிள்ளினார், கிளைத்தது. அவ்வளவுதான், மனிதர் ருசி கண்டுவிட்டார்.

"போதுங்க, இனியாவது பூக்கட்டும்" என்றாள் அக்கா.

"உனக்குத் தெரியாது. இப்பப் போடுறது அஸ்திவாரம்."

"எனக்கு ஒரே ஒரு பூ போதும். வெயில் ஏறிட்டா செடி தாங்காது, பள்ளிக்கூடமும் லீவு விட்டுடும். நேத்து ஒரு வாண்டு கேக்குது, டீச்சர் பொய் சொன்னாலும் சாமி கண்ணைக் குத்துமான்னு."

சொல்லும்போதே அவளுக்கு அழுகை வந்துவிட்டது. எனக்கும் பொறுக்கவில்லை. "மாமா, பாவம் மாமா அக்கா" என்றேன். "கதவை மெதுவா சாத்திட்டுப் போ" என்றார்.

ஆனால் ஒரு தண்டு தப்பித்தது. சுவர்ப் பக்கமாக ஒளிந்து வளர்ந்து மொட்டும் விட்டது. அக்கா மூச்சு விடவில்லை. அந்தத் தொட்டியை மட்டும் கொடியில் காயும் போர்வைக்குப் பின்னால் நகர்த்தினாள். போர்வை காய்ந்த பிறகும் எடுக்கவில்லை; எடுக்காததற்கு ஒரு காரணம் வேண்டுமே என்று அதைத் தினம் ஒரு முறை நனைத்தாள். வியாழன் மாலை அடிப்பூ மலர்ந்தது, மஞ்சளாக. லீவுக்கு முந்தின கடைசி வகுப்பு வெள்ளிக்கிழமை.

வெள்ளி காலை பூவைப் பார்க்க நானும் வந்திருந்தேன். அக்கா கத்தரியோடு பால்கனிக்குப் போனாள். போர்வை ஒதுங்கியிருந்தது. தொட்டி மொட்டையாக இருந்தது. மாமா கையில் ஒட்டிய மண்ணைத் தட்டி உதறிக்கொண்டிருந்தார்.

"நல்ல வேளை பாத்தேன்! ஒண்ணு ஏமாத்திட்டு வளந்திருக்கு. பிச்சுப் பிச்சு உரமாப் போட்டுட்டேன்."

நானாக இருந்தால் கத்தியிருப்பேன். அக்கா கத்தவில்லை. "சட்டையை மாத்திக்கிட்டு வாங்க, ஸ்கூலுக்குப் போகணும்" என்றாள், அவ்வளவுதான். அந்தக் குரலைக் கேட்டால் எந்தக் கணவனும் சட்டையை மாற்றுவான். நானும் கூடவே கிளம்பினேன். விடுவேனா?

"கண்ணுங்களா, பூ வரல" என்றாள் வகுப்பில். "பூவைக் கிள்ளினவர் வந்திருக்கார். வரிசையா வாங்க. ரெண்டு பக்கமும் அழுத்துங்க."

சின்ன நாற்காலியில் முட்டி இடிக்க உட்கார்ந்திருந்தார் மாமா. முதல் பெண் இரண்டு கன்னத்தையும் பிடித்து அழுத்தினாள். வாய் திறந்தது. வகுப்பே அலறிச் சிரித்தது. "இல்ல பாப்பா, நுனியை ஏன் கிள்ளணும்னா..." அடுத்த பையன் அழுத்தினான். "அதாவது முதல்ல ரெண்டு கிளை..." அடுத்தது. முப்பத்திரண்டு பேர் அழுத்தி முடிப்பதற்குள் அவர் அறுபத்து நாலு கிளை வரை வந்துவிட்டார்.

கடைசி வாண்டு அழுத்திப் பார்த்துவிட்டு, விட்டுப் பார்த்துவிட்டு, கவலையோடு திரும்பினான்.

"டீச்சர், இந்தப் பூ மூடவே மாட்டேங்குது!"

அக்கா அன்று சிரித்த சிரிப்பை நான் கல்யாணத்துக்குப் பிறகு கேட்டதே இல்லை.

நீங்கள் அப்படிப்பட்டவர் இல்லை என்கிறீர்கள். உங்கள் வீட்டில் செடியே கிடையாது என்கிறீர்கள். இருக்கட்டும். ஆனால் இதைப் படித்துக்கொண்டு வரும்போது, அந்த நிறத்துச் சமாசாரத்தைக் கொஞ்சம் குறைத்திருக்கலாம், நடுவில் ரெண்டு வரியை வெட்டியிருந்தால் இன்னும் நன்றாக வந்திருக்கும் என்று உங்களுக்குத் தோன்றியதா, இல்லையா?

தோன்றியதா? இப்படி வாருங்கள். கன்னத்தைக் காட்டுங்கள்.