கை தூக்கினால் காற்றைத் திறப்பேன்

போர்வெல் வண்டியில் வேலை செய்கிறவனுக்கு வாய் தேவையில்லை. கம்ப்ரஸர் ஓடும்போது பக்கத்தில் இடி விழுந்தாலும் கேட்காது. எல்லாம் கைதான். குழி வாயில் நிற்கிற பழனி கையை உயர்த்தினால் நான் காற்றைத் திறக்க வேண்டும்; அது குழிக்குள் போய் மண்ணை மேலே தள்ளும். பக்கவாட்டில் ஆட்டினால் மூட வேண்டும். பல வருடமாக இதுதான் எங்கள் பேச்சு. (வீட்டிலும் ஏறக்குறைய இப்படித்தான் என்பது என் மனைவியின் புகார்.)

பேசத் தெரியாதவனுக்குப் பேசுகிறவர்களைப் பிடிக்கும். எனக்கு எலெக்சன்காரரைப் பிடிக்கும். எங்கள் வீட்டில் அவருக்கு அதுதான் பெயர். திருச்செங்கோட்டில் கேபிள் டி.வி.யில் ஓட்டு எண்ணிக்கை வாசித்தவர். பிறகு சென்னைக்குப் போய்ப் பெரிய சேனலில் தேர்தல் பேசினார். எந்த மாநிலத்தில் குழி போட்டுக்கொண்டிருந்தாலும் எண்ணிக்கை நாளில் செல்போனில் அவரைத்தான் பார்ப்பேன். மற்றவர்கள் கத்துவார்கள். அவர் பொறுமையாகச் சொல்வார். காலையில் சொன்னது பொய்த்துப்போனால், மாலையில் அவரே வந்து "நான் சொன்னது தப்பு" என்பார். அப்படிச் சொல்கிற வேறு ஆளை நான் டி.வி.யில் பார்த்ததில்லை.

ஒரு நாள் சேனல் வேலையை விட்டுவிட்டார். தண்ணீரையும் தேர்தலையும் பற்றிச் சொந்தமாக ஒரு படம் எடுக்கக் கிளம்பினார். வெண்ணந்தூர் பக்கம் நாங்கள் குழி போட்ட தோட்டத்துக்கும் வந்தார். கூட ஒரு கேமராக்காரர். ஒரே கேமரா. அதுவும் இரவல்.

"செத்த நேரம் நிறுத்த முடியுமாங்க? பேசிக்கறேன்" என்றார்.

"ராடு மாத்தறப்ப நிக்குமுங்க. அப்பப் பேசுங்க" என்றேன். அவரிடம் சொல்ல நிறைய வைத்திருந்தேன். வந்தது அவ்வளவுதான்.

ஈர மண் வர ஆரம்பித்திருந்தது. காற்றை மூடினேன். பழனி குழிக்குள் இறங்கவேண்டிய அடுத்த இரும்பு ராடை மாட்டிவிட்டு ஒதுங்கினான். அவன் நின்ற இடத்தில் எலெக்சன்காரர் வந்து நின்றார், வெள்ளைச் சட்டையில். நான் வால்வில் கை வைத்தபடி வாய் பிளந்து பார்த்துக்கொண்டிருந்தேன்.

நன்றாகத்தான் பேசினார். ஒவ்வொரு தேர்தலிலும் வாக்குறுதி உயர்ந்துகொண்டே போகிறது என்று கையை உயர்த்தினார்.

நான் காற்றைத் திறந்துவிட்டேன்.

(யோசித்துச் செய்யவில்லை. குழி வாயில் ஒரு கை உயர்ந்தால் என் கை திறக்கும். மூளையிடம் கேட்கிற வழக்கமே அதற்கு இல்லை.)

நிறுத்திய நேரத்தில் குழிக்குள் தண்ணீர் ஊறியிருக்கிறது. அத்தனையும் சேறாகத் தென்னை உயரத்துக்குக் கிளம்பி அவர் தலையில் இறங்கியது. பழனி இரண்டு கையையும் ஆட்டு ஆட்டென்று ஆட்டினான். மூடினேன். அவர் முகத்தில் கண் மட்டும் தெரிந்தது. கேமராவும் சேறு. இந்த மனுசன் படத்தை நானே முடித்துவிட்டேன் என்று நினைத்தேன்.

அவர் வாயைத் துடைத்தார். கேமராவைப் பார்த்தே சொன்னார்: "தண்ணீர் வந்துவிட்டது. தருவதாகச் சொன்னவர்கள்தான் இன்னும் வரவில்லை."

தோட்டத்துக்காரர் ஓடி வந்து அவர் கையைப் பிடித்துக்கொண்டார். "ராசியான கைங்க சாமி. இன்னொருக்காத் தூக்குங்க."

பழனி என் வால்வுக்கு முன்னால் வந்து நின்றுகொண்டான்.

நான் இறங்கிப் போனேன். "தப்பு என்னுதுங்க."

"ஏனுங்க, என்னையவே பாத்துட்டு இருந்தீங்களே. கையத் தூக்காதீங்கன்னு ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமுங்களே?"

"பேச்சு நல்லா இருந்துச்சுங்க."

அவர் சிரித்தார். பல் மட்டும் வெள்ளையாக இருந்தது.

கேமராவுக்கு ஒன்றும் ஆகவில்லை. தூசிக்குப் பயந்து பிளாஸ்டிக் உறை போட்டிருக்கிறார்கள். கண்ணாடியைத் துடைத்துப் பார்த்தால் எல்லாம் பதிந்திருந்தது. படத்தின் ஆரம்பமே அந்தச் சேறுதான். ஊர் ஊராகப் போட்டார்கள். அதன் பிறகும் படம் எடுத்துக்கொண்டுதான் இருக்கிறார். டி.வி.க்கு எண்ணிக்கை நாளில் மட்டும் வருகிறார்.

அன்றைக்கு நான் வீட்டில் இருந்தால் சேர்ந்துதான் பார்ப்போம். அவர் கையை உயர்த்தும்போதெல்லாம் என் மனைவி என் மணிக்கட்டைப் பிடித்துக்கொள்வாள்.

"பொறுங்க. மனுசன் புதுச் சட்டை போட்டிருக்காரு."