மச்சான் வருகைக்கு அடுக்கிய விறகு

பெருமதிப்பிற்குரிய மச்சான் அவர்களுக்கு,

இங்கு நானும் உங்கள் தங்கையும் நலம். அங்கு நீங்களும் அக்காவும் இருமல் இல்லாமல் இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இருமலை ஏன் தனியாக விசாரிக்கிறேன் என்பது உங்களுக்கே தெரியும். போன குளிர்காலத்தில் எங்கள் கூடத்துக் கணப்படுப்பு கக்கிய புகையில் கண்ணைக் கசக்கிக்கொண்டு, வந்த மறுநாளே நீங்கள் பெட்டியைத் தூக்கினீர்கள். உங்கள் தங்கை வாசலிலேயே நின்று அழுதாள். "ஈர விறக வச்சு எங்கண்ணன தொரத்திட்டீங்க" என்று அவள் சொல்லிக்காட்டாத நாளில்லை. இனி சொல்ல வழியே இல்லை. ஜெயித்துவிட்டேன் மச்சான்!

இந்த முறை வெயில் இருக்கும்போதே ஒரு வண்டி விறகு இறக்கினேன். நனையக் கூடாதே என்று முதலில் கூடத்திலேயே அடுக்கினேன், அதிலிருந்து எறும்புகள் வரிசைகட்டிப் புறப்பட்டு நேராகச் சர்க்கரை டப்பாவுக்குப் போயின, போகட்டும் என்று இருந்தேன், கரையான் உங்கள் தங்கையின் துணி அலமாரிக்குள் நுழைந்த அன்று விறகோடு சேர்ந்து நானும் வெளியே அனுப்பப்பட்டேன். பிறகு கொல்லைச் சுவரை ஒட்டி வெறும் மண்தரையில் அடுக்கி, தார்ப்பாயால் தலை முதல் கால் வரை போர்த்தி, கயிறு போட்டு இறுக்கி, காற்றுகூட நுழையாது என்று தெருவெல்லாம் பீற்றிக்கொண்டேன். ஒரு மாதம் கழித்துப் பிரித்தால் விறகின்மேல் காளான் குடை பிடித்து நிற்கிறது! உங்கள் தங்கை எட்டிப் பார்த்தாள். "ஈரத்துணிய மடிச்சுப் பெட்டிக்குள்ள வச்சா காயுமா? கொடியில போட்டாத்தானே காயும்?" என்றாள்.

எனக்குப் பொறி தட்டியது. செங்கல் வைத்து, அதன்மேல் பலகை போட்டு, சுவரிலிருந்து ஒரு சாண் தள்ளி, கட்டைகளைப் பிளந்து அடுக்கினேன். அது அப்படியே சுவருக்கு மேலாகச் சரிந்து பக்கத்து வீட்டுத் தையல்காரரின் சைக்கிளை மடக்கிப்போட்டது. "சார், நீங்க குளிர்காயறதுக்குள்ள எங்கள கொன்னுடுவீங்க போலிருக்கே!" என்று கத்தினார். விடுவேனா? இரண்டு முனைகளிலும் கட்டைகளைக் குறுக்கும் நெடுக்குமாக வைத்துத் தூண் போல நிறுத்தினேன். மேலே மட்டும் தகரம், பக்கமெல்லாம் திறப்பு. இப்போது விறகு நன்றாகக் காய்ந்து, கட்டையோடு கட்டையைத் தட்டினால் 'டங்' என்கிறது மச்சான், 'டங்'! ஒரு கட்டைகூட வரிசையை விட்டு மூக்கை நீட்டவில்லை. தபால்காரர் கதவைத் தட்டுவதை விட்டுக் கொல்லைப்பக்கம் வந்து விறகைத் தட்டிப் பார்த்துவிட்டுப் போகிறார். அந்தத் தையல்காரரே அளவு நாடா வைத்துப் பார்த்து, "தச்ச மாதிரி இருக்கு சார்" என்றார்.

ஆகவே குடும்பத்தோடு உடனே புறப்பட்டு வாருங்கள். குளிர் விடும் வரை இங்கேதான் இருக்க வேண்டும். உங்கள் தங்கை இப்போதே உங்கள் படுக்கையை உதறிப் போட்டுவிட்டாள். பெரியவர்களுக்கு என் வணக்கமும் பிள்ளைகளுக்கு என் ஆசியும் இந்தக் காகிதத்தில் அடங்காது, நேரில் தருகிறேன்.

இப்படிக்கு,
உங்கள் தங்கையின் கணவன்

பின்குறிப்பு: இதை ஒட்டப்போகும் நேரத்தில் உங்கள் தங்கை கணப்புக்காக ஒரு கட்டையை உருவப் போனாள். "ஐயோ, தொடாதே! வரிசை கெட்டுப்போகும்!" என்று என்னையறியாமல் அலறிவிட்டேன். இப்போது ஆளுக்கொரு போர்வைக்குள் உட்கார்ந்திருக்கிறோம். வரும்போது ஒரு கட்டு விறகு கொண்டுவாருங்கள் மச்சான். ஈரமாக இருந்தாலும் பரவாயில்லை.