சிதம்பரத்துக்காரி சொல்லாத வார்த்தை

இனிமேல் என் மனைவிக்குத் தெரியாத ரகசியம் ஒன்றாவது எனக்கு இருந்தே தீர வேண்டும். பல் துலக்கிக்கொண்டிருக்கும்போது இந்த முடிவை எடுத்தேன். சிரிக்காதீர்கள். கல்யாணமாகி எட்டு வருஷத்தில் நானாக எடுத்த முதல் முடிவு அது.

என் மனைவி ஞானாம்பாளுக்குப் பிறந்த ஊர் சிதம்பரம். உலகமே சிதம்பர ரகசியம் என்று எதைச் சொல்கிறதோ, அதற்குப் பக்கத்துத் தெருவில் வளர்ந்தவள். அவளிடம் போய் ரகசியமா? ஓட்டலில் திருட்டுத்தனமாக ஒரு நெய் ரோஸ்ட் சாப்பிட்டுவிட்டு வந்தால், நான் செருப்பைக் கழற்றுகிற சத்தத்திலேயே "சாம்பாரா, சட்னியா?" என்று கேட்பாள். நானும் "ரெண்டும்" என்று ஒப்புக்கொண்டுவிடுவேன்.

ஆனால் இது நெய் ரோஸ்ட் விவகாரம் இல்லை. சர்க்கார் விவகாரம்.

அறுபத்தெட்டாம் வருஷம் விண்வெளி ஆராய்ச்சிக்காரர்கள் கடலூர் மஞ்சக்குப்பத்தில் ஒரு நிலையம் திறந்தார்கள். நிலையம் என்றால் இரண்டு அறை, ஒரு காமிரா, ஒரு டெலிபோன், அப்புறம் நான். கேரளத்துத் தும்பாவிலிருந்து ராக்கெட் விட்டால் அது வானத்தில் வண்ணப் புகையைக் கக்கும். புகை எந்தப் பக்கம் நகர்கிறது என்று நான் படமெடுத்து, அளந்து, எண்களாக்கி, மறுநாள் காலை பத்து மணிக்குள் டிரங்க் கால் போட்டுச் சென்னையில் இருக்கும் பெரிய கம்ப்யூட்டருக்குக் கொடுக்க வேண்டும். கம்ப்யூட்டர் ஒரு கல்யாண மண்டபம் அளவு இருக்குமாம். நான் பார்த்ததில்லை. அதன் பக்கத்தில் போனும் கையுமாக ஓர் அம்மாள் உட்கார்ந்திருப்பார்.

கண்ட ஆள் கண்ட எண்ணைக் கொடுத்து மிஷினைக் குழப்பிவிடக் கூடாது அல்லவா? அதனால் போனை எடுத்ததும் அந்த அம்மாள் "வார்த்தை?" என்பார். நான் முன்னாலேயே பதிந்து வைத்த ரகசிய வார்த்தையைச் சொல்ல வேண்டும். வார்த்தை சரியாக இருந்தால் சொன்னது யார் என்று கேட்க மாட்டார்கள். போனில் முகமா தெரிகிறது? மூன்று தரம் தப்பாகச் சொன்னால் லைனை மூடிவிடுவார்கள். அந்த ராக்கெட்டுக்குக் கடலூர்க் கணக்கு அம்போ.

இதில் எனக்கு ஒரு வியாதி. மனசில் இருப்பது வாயில் வந்துவிடும். குளிக்கும்போது, சட்டைக்குப் பொத்தான் போடும்போது, என்னையறியாமல் முணுமுணுப்பேன். முதல் வாரம் "இலந்தவடை" என்று வைத்தேன். மறுநாளே ஞானாம்பாளுக்குத் தெரிந்துவிட்டது. அடுத்து "கொழுக்கட்டை". அதுவும் தெரிந்தது. அவளுக்குத் தெரிந்தால் என்ன? பக்கத்து வீட்டு அஜீசுன்னிசாவிடம் சொல்லாமல் அவளுக்குச் சோறு இறங்காது.

சென்னையிலிருந்து மேற்பார்வைக்கு வரும் அதிகாரி சுப்பராயலு ஒரு நாள் என் வீட்டில் சாப்பிட உட்கார்ந்தார். மோர்க்குழம்பைச் சிலாகித்துக்கொண்டிருந்தார். சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஒரு குரல் மட்டும் வந்தது.

"ஞானாக்கா! ராக்கெட்டு வார்த்தை இன்னும் கொழுக்கட்டைதானா? மாத்திட்டாங்களா?"

சுப்பராயலுவின் கை வாய்க்குப் போகிற வழியில் நின்றுவிட்டது.

"மிஸ்டர் தேவநாதன், அடுத்த ராக்கெட்டுக்கு மறுநாள் காலையில நான் வருவேன். அதுவரைக்கும் வார்த்தை காபந்தா இருந்தா உங்க வேலையை நிரந்தரம் பண்ணிடுறேன். இல்லேன்னா நீங்க வேற வேலை பாத்துக்கலாம்" என்றார்.

வேற வேலை என்றால் என்ன? சிதம்பரத்தில் என் மாமனாரின் பாத்திரக் கடை. அங்கே குடத்தில் ஒடுக்கு இருக்கிறதா என்று தட்டிப் பார்க்கிற உத்தியோகம் எனக்காக எட்டு வருஷமாகக் காலியாகவே இருக்கிறது. ராக்கெட்டைப் படமெடுத்த கையால் குடத்தைத் தட்டுவதா? அந்த பயத்தில்தான் பல் துலக்கும்போது அந்த முடிவை எடுத்தேன்.

வாய் கொப்பளிப்பதற்குள் யோசனையும் வந்துவிட்டது. என் பேர்!

என் பேர் தேவநாதன்; பக்கத்துத் திருவந்திபுரம் பெருமாளின் பேர். ஞானாம்பாள் புருஷன் பேரைச் சொல்லமாட்டாள். ரேஷன் கடையில் பேர் கேட்டால்கூட, "கெடிலத்தங்கரையில கோயில் கொண்டிருக்காரே, அந்தப் பெருமாளு" என்பாள். ஊரே சிரிக்கும். அவள் அசையமாட்டாள். அப்படியானால் என் பேரையே வார்த்தையாக வைத்துவிட்டால்? அவளுக்குத் தெரிந்தாலும் அவள் வாயைத் தாண்டாது. நான் முணுமுணுத்தாலும் கேட்கிறவர்கள் பைத்தியம் என்று நினைப்பார்களே தவிர, ரகசியம் என்று நினைக்கமாட்டார்கள். என் மூளையை நினைத்து எனக்கே புல்லரித்தது.

சென்னைக்குப் போன் போட்டு மாற்றினேன். வீட்டுக்கு வந்து நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நின்றேன்.

"ஞானம், இந்த வாரம் என்னா வார்த்தைன்னு கேக்கமாட்டியா?"

"நீங்க குளிக்கப் போங்க. தானா தெரியுது."

"நானே சொல்றேன். என் பேருதான் வார்த்தை."

அவள் கையிலிருந்த முறம் அப்படியே நின்றது. முகம் சிவந்தது. "ஐய! என்னா மாமா இது, ஆபீசுல போயி..."

"போ, போயி அஜீசுன்னிசாகிட்ட சொல்லேன் பாப்போம்!"

அவள் சொல்லவில்லை. சாயங்காலம் சுவரோரத்தில் நடந்த பேச்சு என் காதில் தேனாகப் பாய்ந்தது.

"அக்கா, வார்த்தை என்னா?"

"வேணாம் அஜீசு. அது வாயால சொல்ற வார்த்தை இல்ல."

"அய்யய்யோ அல்லாவே! சர்க்கார்ல இப்படியெல்லாமா வெக்கிறாங்க? நம்ம அண்ணனா வெச்சாரு?"

அதற்குப் பிறகு நான்கு நாட்கள் அஜீசுன்னிசா என் நிழலைக் கண்டாலே கதவைச் சாத்திக்கொண்டாள். அவள் புருஷன் அபுபக்கர் என்னைப் பார்த்து ஒரு மாதிரி சிரித்தார். போகட்டும். ரகசியம் பத்திரம்.

ராக்கெட் விட்ட சாயங்காலம் காமிராவைத் தூக்கிக்கொண்டு தேவனாம்பட்டினம் கடற்கரைக்குப் போனேன். ஞானாம்பாளும் வந்தாள். ஊரே திரண்டிருந்தது. எல்லோரும் கடலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு தென்மேற்கே பார்த்து நின்றார்கள். சூரியன் இறங்கியதும் அங்கே ஒரு கீற்று தெரிந்தது. ஆரஞ்சுச் சுளை நிறம். அது மெல்ல நெளிந்து அகலமாயிற்று. ஜனங்கள் "ஓ" என்று கத்தினார்கள். சொல்ல வெட்கமாக இருக்கிறது, எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. நம் ஆட்கள் விட்டது! நான் அளக்கப்போவது!

"மாமா, நீங்க குடுக்குற எண்ணை வெச்சா அவ்ளோ ஒசரத்துக் காத்தைக் கணக்குப் போடுவாங்க?" என்று கேட்டாள் ஞானாம்பாள். அவள் குரலில் என்மேல் மரியாதை இருந்தது. இந்த அனுபவம் எனக்குப் புதிது.

"பின்னே!" என்றேன்.

"அப்ப இன்னும் கொஞ்ச வருஷத்துல நம்ம ஆளுங்க சந்திரனுக்கே போயிடுவாங்க, இல்ல?"

"போவாம? பஸ்ஸே விடுவாங்க!"

அந்த உற்சாகத்தில் படமெடுத்து முடித்ததும் ஒரு மணல்மேட்டில் ஏறி, கூட்டத்துக்கு ராக்கெட் என்றால் என்ன என்று விளக்க ஆரம்பித்தேன். அலைச் சத்தத்துக்கு மேலே கத்த வேண்டியிருந்தது. தொண்டை காய்ந்த போதெல்லாம் யாரோ ஒரு குச்சி ஐஸ் நீட்டினார்கள். மறுப்பது மரியாதை இல்லையே என்று வாங்கித் தின்றேன்.

மறுநாள் காலையில் எழுந்து "ஞானம், காப்பி" என்றேன். காற்று வந்தது. காப்பி வரவில்லை. இன்னொரு தரம் முயன்றேன். சைக்கிள் டியூபில் பஞ்சர் ஆன மாதிரி "புஸ்" என்று ஒரு சத்தம். தொண்டை மொத்தமாகக் கட்டிவிட்டது.

நிலையத்துக்கு ஓடினேன். எண்களை எழுதி முடித்தபோது மணி ஒன்பதைத் தாண்டிவிட்டது. டிரங்க் கால் கிடைத்தது.

"கடலூரா? வார்த்தை?"

"ஹ்ஹ்ஹ்..."

"யாரது?"

"ஹ்ஹ்ஹ்ஹ்..."

"காலங்காத்தால போன்ல மூச்சு விடுறீங்களே, வெக்கமா இல்ல? நாங்கள்ளாம் குடும்பத்துப் பொண்ணுங்க. இது ஒரு தரம் தப்பு!"

டொக்கென்று வைத்துவிட்டார்.

வேறு யாரையாவது கூப்பிட்டுச் சொல்லச் சொன்னால் ரகசியம் போச்சு. வார்த்தை தெரிந்த இன்னொரு ஆள் உலகத்தில் ஒருத்திதான். அவளோ அதைச் சொல்லமாட்டாள். சொல்லமாட்டாள் என்பதற்காகவேதான் அதை வைத்தேன்! ஆனாலும் வேறு வழியில்லை. அடுத்த தெருவில் இருக்கும் வீட்டுக்கு ஓடி, கையாலும் கண்ணாலும் விஷயத்தைப் புரியவைத்து, ஞானாம்பாளை இழுத்துக்கொண்டு வந்தேன். திரும்ப லைன் போட்டோம்.

"வார்த்தை?"

ஞானாம்பாள் முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டாள். "அதாங்கம்மா... கெடிலத்தங்கரையில கோயில் கொண்டிருக்காரே..."

"எந்தக் கரை?"

"திருவந்திபுரம். அந்தப் பெருமாளு பேருதான் எங்க வீட்டுல அவுங்களுக்கும்."

"இங்க கம்ப்யூட்டர் இருக்கும்மா, அர்ச்சனைத் தட்டு இல்ல. வார்த்தையைச் சொல்லுங்க."

"பொம்பளைக்குப் பொம்பளை புரிஞ்சிக்கக் கூடாதா?"

"எனக்குப் புரியுது. மிஷினுக்கு இன்னும் கல்யாணம் ஆவலியே. இது ரெண்டாவது தரம் தப்பு. அப்படியே லைன்ல இருங்க. இன்னும் ஒரு தரம்தான்."

நான் ஞானாம்பாளைக் கையெடுத்துக் கும்பிட்டேன். குடத்தைத் தட்டுவதுபோல் விரலை மடக்கி மேஜையைத் தட்டிக் காட்டினேன். அவளுக்குப் புரிந்தது. அவள் அப்பன் கடைதானே.

"புருசன் பேரைச் சொன்னா ஆயுசு கொறையும்பாங்களே மாமா."

பரவாயில்லை, கொஞ்சம் குறையட்டும் என்று தலையை ஆட்டினேன்.

அவள் ஒரு நிமிஷம் யோசித்தாள். எண்கள் எழுதிய தாளை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள். "சரி. நீங்க வெளியில போயி நில்லுங்க. கதவைச் சாத்திக்கிட்டுப் போங்க."

போனேன். சாத்தினேன். அடுத்த வினாடி உள்ளே வெண்கல மணி அடித்தது.

"தேவநாதன்!"

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது.

"ஆமாம்மா, தேவநாதன்! கேக்கலியா? தே, வ, நா, தன்! அந்தத் தேவநாதனேதான்!"

தடுமாற்றம் இல்லை, கூச்சம் இல்லை. நன்றாகப் பழகிய வாய். கடலூரில் தெருவுக்கு நான்கு தேவநாதன் உண்டு. சைக்கிளில் போன ஒரு தேவநாதன் இறங்கி, "என்னையா கூப்புட்டாங்க?" என்று என்னைக் கேட்டார். கறிகாய் வாங்கிக்கொண்டு போன இன்னொரு தேவநாதன் பையோடு வந்து நின்றார். மூன்றாவதாக ஒரு குதிரை வண்டி நின்றது. அதிலிருந்து சுப்பராயலு இறங்கினார்.

"உள்ள யாரு உங்க பேரை ஏலம் போடுறது?" என்று கேட்டார்.

நான் தொண்டையைக் காட்டினேன். கதவைக் காட்டினேன். வானத்தைக் காட்டினேன். அவர் கெட்டிக்காரர்.

"வார்த்தையே உங்க பேருதானா?"

தலையைத் தொங்கப் போட்டேன். கண் முன்னால் சிதம்பரத்துக் குடங்கள் வரிசையாக வந்து நின்றன.

கதவு திறந்தது. ஞானாம்பாள் முகத்தைத் துடைத்துக்கொண்டே வந்தாள். "எல்லா எண்ணையும் குடுத்துட்டேன். திருப்பிப் படிச்சுக் காட்டுனாங்க. ஒரு எடத்துல அவுங்க தப்பா எழுதியிருந்தாங்க, திருத்திட்டேன். கடலூர்க் கணக்குதான் மொதல்ல வந்துச்சாம்."

நான் வாயைக் காட்டி, என்னைக் காட்டி, கையை விரித்தேன். எப்படிச் சொன்னாய்?

"உங்க எதிர்லதான் சொல்லமாட்டேன். எங்க அம்மாகிட்ட உங்களைத் திட்டுறப்ப பேரு சொல்லாம எப்படித் திட்டுறதாம்?"

எட்டு வருஷம்! கடலூருக்கும் சிதம்பரத்துக்கும் நடுவே என் பேர் எத்தனை தரம் போய் வந்திருக்கும் என்று நினைத்துப் பார்த்தேன். தொண்டை இருந்திருந்தால்கூட எனக்குப் பேச்சு வந்திருக்காது.

"இப்ப தெருவுக்கே தெரிஞ்சிபோச்சே அம்மா" என்றார் சுப்பராயலு.

"அதனாலதான் அந்தம்மா ஒடனே மாத்தச் சொன்னாங்க. புது வார்த்தை குடுத்துட்டேன்."

"என்னா வார்த்தை?"

"அது ரகசியங்க."

"நான் மேலதிகாரி அம்மா."

"மேலதிகாரின்னு சொல்லிக்கிட்டு யார் வேணா வரலாங்களே."

சுப்பராயலு அதட்டிப் பார்த்தார். கெஞ்சிப் பார்த்தார். "உங்க வீட்டுக்காரருக்காவது சொல்லலாமில்ல?" என்று கேட்டார்.

"அவுங்க குளிக்கிறப்ப சொல்லிடுவாங்க" என்றாள்.

சுப்பராயலு முகத்தில் நான் அதுவரை பார்த்தறியாத ஒரு சந்தோஷம் பரவியது. "ரெண்டு வருஷமா இப்படி ஒரு ஆளைத்தான் தேடிக்கிட்டிருந்தேன். எதுவரைக்கும் படிச்சிருக்கீங்க?"

"எஸ்.எஸ்.எல்.சி. பாஸுங்க. சிதம்பரத்துல."

எட்டு வருஷத்தில் நான் அவளிடம் கேட்காத கேள்வி அது. அவள் கண் மின்னியதைப் பார்த்தபோது, என் வேலை போனாலும் பரவாயில்லை என்றுகூட ஒரு கணம் தோன்றியது. ஒரு கணம்தான்.

பத்தே நாளில் ஆர்டர் வந்தது. இருவருக்குமே வேலை நிரந்தரம். ஞானாம்பாள் ஆபரேட்டர், நான் அவளுக்கு உதவியாளர். உதவியாளர் வேலை கஷ்டமே இல்லை: ஆபரேட்டர் அம்மாள் போனை எடுத்ததும், கதவைச் சாத்திக்கொண்டு வெளியில் போய் நிற்க வேண்டும்.