ஃபுல்லா பேசி முடித்த சம்பந்தம்

பெருமதிப்பிற்குரிய அண்ணன் ஷுக்ரி அவர்களின் சமூகத்துக்கு, ரஷீத் ஊரிலிருந்து தம்பி ரிஃபாத் ஸலாம் சொல்லி எழுதுவது. இங்கே நானும் இஹ்ஸானும் மகள் நஜ்லாவும் மொட்டைமாடி வாத்துகளும் இறைவன் அருளால் சுகம். எலி ஒன்று மட்டும் சுகமாக இல்லை. அதைப் பற்றித்தான் இந்தக் கடிதம். அங்கே தன்தாவில் தாங்களும் அண்ணியும் சுகம்தானா, தங்கள் முழங்கால் இப்போது மடங்குகிறதா என்று இஹ்ஸான் விசாரிக்கச் சொன்னாள். விசாரித்துவிட்டேன்.

போன பெருநாளைக்குத் தாங்கள் இங்கே வந்திருந்தபோது, கூடத்தின் குறுக்கே ஒரு சுண்டெலி ஓட, எங்கள் பூனை ஃபுல்லா அதைப் பார்த்துக் கொட்டாவி விட, தாங்கள் அண்ணி முன்னாலும் அண்டை வீட்டார் முன்னாலும், "டேய் ரிஃபாத், இது பூனையா தலையணையா? ஒரு உறையைப் போட்டுத் தலைக்கு வெச்சுப் படுத்துக்கோ" என்று சொன்னீர்களே, அந்த வார்த்தையைத் தாங்கள் திரும்பப் பெற்றுக்கொள்ள வேண்டும். அன்று எல்லோரும் சிரித்தார்கள், நானும் மரியாதைக்குச் சிரித்தேன். வெள்ளை வெளேரென்று இருக்கிறதே என்று ஃபுல்லா என மல்லிகையின் பெயரை வைத்து, மீனுக்கு முள்ளெடுத்து ஊட்டி வளர்த்த நஜ்லா மட்டும் சாப்பிடாமல் எழுந்து போனாள். வயிறு நிறைந்த பூனைக்குச் சுண்டெலி ஒரு பொருட்டே இல்லை அண்ணா. அதற்குத் தகுந்த ஆள் வரும்வரை அது காத்திருந்தது என்பது அப்போது நமக்குத் தெரியவில்லை.

அந்த ஆள் இந்தக் குளிர்காலத்தில் வந்து சேர்ந்தான். நம் கட்டடத்தின் நடுவில் காற்றுக்கென்று ஒரு சந்து இருக்கிறதல்லவா, எல்லா வீட்டுச் சமையலறை ஜன்னலும் திறக்குமே, அதற்குள் ஒரு பெருச்சாளி குடியேறியது. வாத்து முட்டையை உருட்டிக்கொண்டு போனது, இஹ்ஸான் வைத்த பொறியில் இருந்த பாலாடைக்கட்டியைத் தின்றுவிட்டுப் பொறியைக் கவிழ்த்துப் போட்டது, விஷம் கலந்த ரொட்டியைத் தொடாமல் பக்கத்தில் இருந்த நல்ல ரொட்டியை மட்டும் தின்றது. இஹ்ஸான் தினமும் ஜன்னலருகே நின்று அதைப் பெயர் சொல்லாமல் திட்டுவாள். ஃபுல்லா ஜன்னல் கட்டையில் உட்கார்ந்து கீழே பார்த்துக்கொண்டே இருக்கும். சோம்பேறித்தனம் என்று நாங்கள் நினைத்தோம். பாடம் படித்துக்கொண்டிருந்திருக்கிறது.

இந்த நேரத்தில்தான் நஜ்லாவுக்கு அந்தச் சம்பந்தம் வந்தது. அரிசி ஆலை வைத்திருக்கிற ஹாஜி மத்பூலியின் மகன் வஜ்தி. நஜ்லா எக்ஸ்ரே எடுக்கிற ஆஸ்பத்திரிக்குக் கையில் அடிபட்டு வந்தவன், கை சரியான பிறகும் வந்துகொண்டே இருந்தான். அவளுக்கும் பிடித்திருந்தது. வெள்ளிக்கிழமை தொழுகைக்குப் பிறகு பாத்திஹா ஓதி உறுதி செய்ய வருகிறோம் என்று ஹாஜியார் சொல்லி அனுப்பினார். இஹ்ஸான் பொன்முலாம் நாற்காலிகளின் பிளாஸ்டிக் உறையைக் கழற்றினாள். நம் கலிமா மாமி இறந்தபோதுகூட அதைக் கழற்றவில்லை என்பது தங்களுக்குத் தெரியும். வெள்ளை மயிர் வருகிறவர்களின் கறுப்பு அங்கிகளில் ஒட்டுமே என்று ஃபுல்லாவைக் குளியலறையில் விட்டுக் கதவைச் சாத்தினாள்.

வந்தார்கள். ஹாஜியார் ஆள் வாட்டசாட்டம், குரல் ஆலைச் சத்தத்துக்கு மேலே பேசிப் பழகிய குரல். அவர் மனைவி ஹாஜ்ஜா தஃபீதா சின்ன உருவம். எதுவும் பேசாமல் எல்லாவற்றையும் பார்க்கிறவர். வஜ்தி சிவப்பு ஷர்பத் கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டு அதையே பார்த்தபடி இருந்தான். பேச்சு நன்றாகத்தான் போனது. ஹாஜ்ஜா கை கழுவ எழுந்து போய்விட்டு வந்தார். பிறகு ஹாஜியார் ஒரு இனிப்பை வாயில் போட்டுக்கொண்டு, வானிலையைச் சொல்கிற மாதிரி சொன்னார்: "எல்லாம் பேசியாச்சு. ஒண்ணே ஒண்ணு. கல்யாணத்துக்கப்புறம் பொண்ணு ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டாம். நம்ம வீட்டுல பொம்பளைங்க வேலைக்குப் போற வழக்கமில்ல."

அண்ணா, நஜ்லா அந்த வேலைக்காக எத்தனை பரீட்சை எழுதினாள் என்பது எனக்குத் தெரியும். அவள் முகத்தைப் பார்த்தேன்; எழுந்து போய்விடுவாள் என்று தெரிந்தது. போனால் வஜ்தி போச்சு, போகாவிட்டால் வேலை போச்சு. இஹ்ஸான் என் காலை மிதித்தாள், ஏதாவது பேசு என்று. நான் வாயைத் திறந்தேன். அதே நேரம் ஃபுல்லா உள்ளே வந்தது.

சும்மா வரவில்லை. வாயில் அந்தப் பெருச்சாளி. ஏறக்குறைய ஃபுல்லாவின் பாதி உடம்பு இருக்கும், வால் தரையில் இழுபட்டுக்கொண்டு வந்தது. நேராக, எங்களில் யாரையும் பார்க்காமல், விருந்தினர்களில் பெரியவர் யார் என்று விசாரித்து வைத்திருந்த மாதிரி, ஹாஜியாரின் செருப்புக்கு முன்னால் கொண்டுபோய் வைத்துவிட்டு ஓர் அடி பின்வாங்கி உட்கார்ந்தது. மரியாதை என்றால் அதுதான் மரியாதை. ஆனால் பெருச்சாளி சாகவில்லை. கண்ணைத் திறந்தது, இடது வலது பார்த்தது, ஹாஜியாரின் அங்கிக்குள் ஏறியது.

"உம்மா!" என்று ஒரு சத்தம். ஆலைச் சங்கு என்று நினைத்தேன், ஹாஜியார்தான். அவர் பொன்முலாம் நாற்காலிமேல் ஏறி அங்கியை உதற, பெருச்சாளி பறந்து வந்து விழுந்து, பீங்கான் அலமாரிக்குப் பின்னால் ஓடியது. வஜ்தி ஷர்பத்தைத் தன்மேலேயே ஊற்றிக்கொண்டான். இஹ்ஸான் வாத்தைக் கூப்பிடுகிற குரலில் என்னைக் கூப்பிட்டாள். நான் அசையாமல் நின்றேன். எதன்மேல் நின்றேன் என்பது இப்போது முக்கியமில்லை.

"மாமா, கத்தாதீங்க!" என்றாள் நஜ்லா. முதல்முறையாக அவரை மாமா என்று கூப்பிடுகிறாள், அதுவும் அதட்டிக்கொண்டு. "நீங்க சத்தம் போட்டா ஃபுல்லாவுக்கு அது ஓடுறது கேக்காது."

ஹாஜியார் கையால் தன் வாயைத் தானே பொத்திக்கொண்டார்.

அண்ணா, பிறகு நடந்ததைத் தாங்கள் நேரில் பார்த்திருக்க வேண்டும். ஃபுல்லா அலமாரிக்குப் பின்னால் பாய்ந்து போகவில்லை. அதன் எதிர்முனைக்கு நிதானமாக நடந்து போய் உட்கார்ந்தது. ஒரு காது சுவர்ப் பக்கம், இன்னொரு காது எங்கள் பக்கம், இரண்டும் தனித்தனியாகத் திரும்பின. மீசை முன்னால் விறைத்து நின்றது. உடம்பு தரையோடு தரையாக ஒட்டியது. வால் நுனி மட்டும், அதுவும் ஒரு விரல் நீளத்துக்கு, அசைந்தது. பெருநாளில் கொட்டாவி விட்டதும் இதுவும் ஒரே பிராணி என்று சத்தியம் செய்தாலும் யாரும் நம்ப மாட்டார்கள். பின்பக்கம் லேசாக இந்தப் பக்கம் அந்தப் பக்கம் ஆடியது. "இப்போ," என்று ஹாஜ்ஜா தஃபீதா கிசுகிசுத்தார்.

பாய்ந்தது. பெருச்சாளி இன்னும் வெளியே வரவே இல்லை அண்ணா! வெறும் தரையை நோக்கிப் பாய்ந்தது. பாதம் தரையைத் தொடுகிற நேரத்துக்கு அந்தத் தடியன் சரியாக அதே இடத்துக்கு ஓடி வந்தான். பிடரியில் ஒரே கடி. ஒரு பீங்கான்கூட அலுங்கவில்லை. பிறகு ஃபுல்லா அதைத் தூக்கிக்கொண்டு, விட்ட வேலையை முடிக்கிறவர்கள் மாதிரி, ஹாஜியாரின் நாற்காலிக்கு அடியில் மறுபடியும் கொண்டுபோய் வைத்தது.

"அதை எடுங்க," என்றார் ஹாஜியார் மேலேயிருந்து.

ஹாஜ்ஜா தஃபீதா எழுந்து வந்து, குனிந்து, பெருச்சாளியின் பிடரியைத் துணிக்கடையில் நெசவு பார்க்கிற மாதிரி பார்த்தார். "குளியலறைக் கதவைத் திறந்துவிட்டது நான்தான்," என்றார். "சம்பந்தம் பண்ற வீட்டுல எதைப் பூட்டி வெச்சிருக்காங்கன்னு பாக்க வேண்டாமா? இதைப் பூட்டியா வெப்பீங்க? எங்க ஆலையில ஒரு கூட்டம் பூனை இருக்கு, எலியோட ஒரே தட்டுல சாப்பிடுது. இவர் ஆலை முதலாளி, எலியைக் கண்டா கணக்குப்பிள்ளை முதுகுல ஏறுவாரு. இந்தப் பூனை எங்களுக்கு வேணும்."

நஜ்லா ஃபுல்லாவைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டாள். "தனியா வராது அத்தை. நான் போற வீட்டுக்குத்தான் வரும். நான் காலையில ஆஸ்பத்திரிக்குப் போறதும் சாயங்காலம் வர்றதும் பார்த்தே வளர்ந்தது. அந்த நேரம் மாறினா சாப்பிடாது. சாப்பிடலேன்னா வேட்டையும் ஆடாது."

பூனைக்கு அப்படி ஒரு வழக்கம் இருப்பது எனக்கே அப்போதுதான் தெரியும்.

"போகட்டும்! ஆஸ்பத்திரிக்குப் போகட்டும், எங்க வேணும்னாலும் போகட்டும், முதல்ல இதை எடுங்க!" என்றார் ஹாஜியார்.

"கேட்டுக்கிட்டீங்கல்ல, எல்லாரும் சாட்சி," என்றார் ஹாஜ்ஜா.

"எனக்கு முதல்லேர்ந்தே ஆட்சேபம் இல்ல," என்றான் வஜ்தி, சட்டையெல்லாம் சிவப்பாக.

"அதை இப்பத்தான் சொல்லணும்னு தோணுச்சா?" என்றாள் நஜ்லா. ஆனால் சிரித்துவிட்டாள்.

பாத்திஹா ஓதினோம். ஹாஜியார் நாற்காலிமேல் நின்றபடியே ஓதினார். இஹ்ஸான் விட்ட குலவை ஆற்றுக்கு அக்கரையில் கேட்டிருக்கும். "பொண்ணு பெருநாள் கழிச்சு வரட்டும், பூனையை இப்பவே கொடுங்க," என்று ஹாஜ்ஜா பிடிவாதம் பிடித்தார். தினமும் மாலை வஜ்தி மோட்டார் சைக்கிளில் நஜ்லாவை அழைத்துப் போய்ப் பூனையைக் காட்டிவிட்டுக் கொண்டுவந்து விட வேண்டும் என்று முடிவாயிற்று. பூனை நலம் விசாரிக்க இவ்வளவு நேரம் ஆகுமா என்று நான் கேட்பதில்லை. ஆலையில் எலிகள் மூட்டை கட்டிக்கொண்டு போகின்றன என்று ஊரே பேசுகிறது. மீன்காரர் என்னைப் பார்த்தால் எழுந்து நிற்கிறார். ஃபுல்லாவின் வாப்பா என்றே கூப்பிடுகிறார்கள், நான் மறுப்பதில்லை.

எனவே தாங்களும் அண்ணியும் அடுத்த வெள்ளிக்கிழமை அவசியம் வந்து, அதே கூடத்தில், அதே ஆட்கள் முன்னால், அன்றைக்கு ஆலையிலிருந்து அழைத்து வைக்கும் ஃபுல்லாவுக்கு ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். தங்கள் அறையைத் துடைத்துப் புது விரிப்பு போட்டு வைத்திருக்கிறோம். தங்கள் முழங்காலுக்கு இறைவன் சுகத்தையும், வீட்டுக்குப் பரக்கத்தையும், எங்களுக்குத் தங்கள் துஆவையும் தருவானாக. அண்ணிக்கு எங்கள் ஸலாம்.

அன்புள்ள தம்பி,
ரிஃபாத்

பின்குறிப்பு: கடித உறையை ஒட்டப் போகும்போது ஹாஜியார் பெட்டியோடு வந்து நிற்கிறார். ஃபுல்லா ஆலையில் பிடிப்பதையெல்லாம் பாதி உயிரோடு கவ்விக்கொண்டு போய் அவர் கட்டிலில்தான் வைக்கிறதாம். நஜ்லாவைக் கேட்டேன். "வேட்டை தெரியாத குட்டிக்குத் தாய்ப்பூனை அப்படித்தான் கத்துக் கொடுக்கும் வாப்பா. மாமாவைத் தன் குட்டின்னு முடிவு பண்ணிருச்சு," என்கிறாள். ஹாஜ்ஜாவுக்கு ஃபோன் செய்தேன். "பூனை இங்கயே இருக்கட்டும், அவர் அங்கயே இருக்கட்டும்," என்று வைத்துவிட்டார். ஆகவே தாங்கள் வர வேண்டாம், தங்கள் அறையில் ஹாஜியார் இருக்கிறார். ஆனால் எங்கள் வீட்டு வாத்து நடக்கிற சத்தத்துக்கே அவர் எழுந்து உட்கார்ந்துகொள்கிறார். "தன்தாவுல உங்க அண்ணன் வீட்டுல எலி உண்டா?" என்று கேட்டார். கிடையவே கிடையாது என்று சொல்லிவிட்டேன். நாளைக் காலைப் பேருந்தில் இந்தக் கடிதத்தை அவரே கொண்டுவருகிறார். குரல் பெரிதே தவிர ஆள் நல்லவர்.